திருவிழாவுக்கு மறுநாள்

பங்குனிப் பெருவிழாவின் எட்டாம் நாள் பிற்பகலில் மயிலாப்பூர் மாட வீதிகளில் கேமரா இல்லாத மொட்டைமாடியைப் பார்க்க முடியாது. அறுபத்துமூவர் புறப்பாடு. தொலைக்காட்சிக்காரர்கள் முன்கூட்டியே இடம் பிடித்துவிடுவார்கள். புகைப்படம் பழகும் பிள்ளைகள் கிடைத்த திண்ணையில் எல்லாம் ஏறி நிற்பார்கள். கீழே கூட்டத்தில் பாதிப் பேர் மொபைலைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்திருப்பார்கள். நாயன்மார் பல்லக்குகள் பதிவாகாமல் போய்விடுமோ என்ற கவலை எனக்கு இல்லை. என் கவலையெல்லாம் அதற்குப் பிறகு வரும் நாட்களைப் பற்றித்தான். நீர்மோர்ப் பந்தலைப் பிரித்து, அண்டாக்களைக் கழுவிக் கவிழ்த்த பிறகு, அதே வீதியில் விடியுமுன் பால் கூடைகளை இறக்குகிற சத்தம் கேட்கும். அதை எடுக்க யாரும் வருவதில்லை.

நான் அதை எடுப்பவன். ஆவணப்படம் என் தொழில். மயிலாப்பூர், தி.நகர், அடையாறு ஆகிய மூன்று இடங்களுக்குள்ளேயே என் வேலையின் பெரும்பகுதி நடந்திருக்கிறது. இமயமலைக்கும் வடகிழக்குக்கும் போய்ப் படம் எடுத்த நண்பர்கள் உண்டு. அவர்கள் உழைப்பை மதிக்கிறேன். ஆனால் 29சி பேருந்து போகிற தூரத்துக்குள்ளேயே ஓர் ஆயுளுக்குப் போதுமான விஷயம் இருக்கிறது என்பது என் அனுபவம். பேச்சு மாறும், சமையல் மாறும், சாமி மாறும், விடிகிற நேரமே மாறும். லஸ் முனையில் ஆறு மணிக்கு விடிந்தால் ஊரூர் மீனவர் குப்பத்தில் மூன்று மணிக்கே விடிந்துவிடும்.

தேரிலிருந்தே ஆரம்பிக்கிறேன். ஏழாம் நாள் காலை. எல்லா லென்ஸும் மேலே சுவாமியைப் பார்க்கும். நான் சக்கரத்தைப் பார்க்கிறேன். சக்கரத்தை ஒட்டிச் சிலர் முட்டுக்கட்டையோடு குனிந்தபடியே நகர்ந்துகொண்டிருப்பார்கள். வடம் பிடித்து இழுக்கிற அத்தனை பேராலும் தேரை நகர்த்தத்தான் முடியும். நிறுத்துவதும் திருப்புவதும் இந்தக் கட்டைக்காரர்கள் கையில் இருக்கிறது. கட்டையைச் சாய்த்துக் கொடுத்தால் சக்கரம் ஒரு பக்கம் ஒதுங்கும். நேராகக் கொடுத்தால் நிற்கும். வீதி முனையில் திரும்பும்போது கட்டைகள் மாற்றி மாற்றி விழும். கட்டையின் மேல் சக்கரம் ஏறுகிற அந்த நொடியில் மரம் முனகும். அதைப் பிடிக்க வேண்டுமானால் மைக்கை முழங்கால் உயரத்துக்கு இறக்க வேண்டும். இறக்கினால் நாகஸ்வரமும் தவிலும் கோஷமும் பின்னால் ஒதுங்கி, மர முனகலும் "வுடு, வுடு… போடு!" என்கிற குரலும் முன்னால் வந்து நிற்கும். தேரை இப்படிக் கேட்டவர்கள் குறைவு.

அந்தக் கட்டைக்காரர்களில் ஒருவரோடு பிறகு நிறைய நாள் சுற்றினேன். மற்ற நாட்களில் அவர் கட்டடங்களுக்குச் சாரம் கட்டுகிறவர். சவுக்குக் கம்பை நிமிர்த்தி, கயிற்றைச் சுற்றி, காலால் உதைத்துப் பார்த்துவிட்டு ஏறுவார். எடை எங்கே இறங்குகிறது, எது எந்தப் பக்கம் சாயும் என்பதை அவர் கண் அளக்கிற விதம் தேரடியில் பார்த்த அதே விதம். தேரோட்டத்தை மட்டும் எடுத்துவிட்டுக் கிளம்பியிருந்தால் அவர் எனக்குக் குனிந்த முதுகாக மட்டுமே கிடைத்திருப்பார்.

மாட வீதித் தேரைப் படமெடுத்தவர்களில் உலகப் பெயர் பெற்றவர் பிரெஞ்சு இயக்குநர் லூயி மால். 1968இல் ஓர் ஒளிப்பதிவாளரையும் ஓர் ஒலிப்பதிவாளரையும் மட்டும் அழைத்துக்கொண்டு இந்தியா வந்து, மாதக்கணக்கில் சுற்றி, ஏழு பகுதிகள் கொண்ட ஒரு தொடரைச் செய்தார். அதன் இரண்டாம் பகுதி முழுக்கச் சென்னை. மயிலாப்பூர்த் தேர் அதில் இருக்கிறது, கலாக்ஷேத்ராவின் நடன வகுப்பும் இருக்கிறது. 1970இல் பி.பி.சி. அந்தத் தொடரை ஒளிபரப்பியபோது இந்திய அரசு கடுமையாக எதிர்த்தது, பி.பி.சி.யின் தில்லி அலுவலகத்தை மூடும் அளவுக்குப் போனது. நான் அந்தப் பகுதியைப் பலமுறை பார்த்திருக்கிறேன். தேர்க் காட்சியில் கூட்டத்தின் வேகம் இருக்கிறது, ஆனால் யாரும் யாராகவும் நிற்பதில்லை. கலாக்ஷேத்ராக் காட்சிகளில் அவர் நிதானமாக நிற்கிறார். ஒரே அடவைத் திரும்பத் திரும்பப் போடுகிற கால்களை, தப்பும்போது மாறுகிற முகங்களை, அலுக்காமல் பார்க்கிறார். படத்தில் எனக்குப் பிடித்த இடம் அதுதான். வந்து போகிறவருக்குத் திருவிழா கிடைக்கும். மறுநாள் கிடைப்பது இங்கேயே இருப்பவனுக்கு. இருப்பவர்கள் எடுக்காவிட்டால் அது யாருக்கும் கிடைக்காது. இதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரையை எழுதுகிறேன்.

எனக்குச் சோறு போட்டுத் தொழிலும் கற்றுக்கொடுத்தது கல்யாண வீடியோ. தி.நகர்க் கல்யாண மண்டபங்களில் தோளில் பெரிய கேமராவோடு நின்ற வருஷங்கள் அவை. தாலி கட்டுவது ஒரே முறைதான். இன்னொரு தரம் கட்டச் சொல்ல முடியாது. ஆகவே நடக்கப்போவதை முன்னாலேயே படிக்கத் தெரிய வேண்டும். மணமகன் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தால் கோட்டை விட்டுவிடுவோம். சாஸ்திரிகளின் வலது கையைப் பார்க்க வேண்டும். ஆள்காட்டி விரல் மேலே போய் ஆடும்; அடுத்த நொடி கெட்டிமேளம். அந்த விரலை நாகஸ்வரக்காரர் பார்க்கிறார், தவில்காரர் பார்க்கிறார், நானும் பார்த்தேன். சம்பவத்தை அதன் முகத்தில் தேடாமல், அதை நடத்துகிற கையில் தேடுவது அங்கே பழகிய பழக்கம். தேரில் சக்கரத்தடிக்குப் போனதும் அந்தப் பழக்கத்தால்தான். மண்டபத்தில் கிடைத்த இடைவேளைகளில் சமையல்கட்டுக்குப் போய்விடுவேன். கோட்டை அடுப்புப் புகையில் துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு, நூறு இலைக்கு எத்தனை படி என்று வாயாலேயே கணக்குப் போட்டுக்கொண்டிருக்கும் தலைமைச் சமையல்காரரை எடுப்பேன். கல்யாண வீட்டுக்காரர்கள் அந்தப் பகுதியை வெட்டச் சொல்வார்கள். வெட்டிக் கொடுத்துவிட்டு, வெட்டியதை நான் வைத்துக்கொள்வேன். கோட்டை அடுப்பு இன்று பல மண்டபங்களில் இல்லை. என்னிடம் இருக்கிறது.

என் வேலையில் நான் அதிக நேரம் செலவிட்ட ஆள், தெற்கு மாட வீதிப் பக்கம் பூக் கட்டுகிற ஓர் அம்மா. பெயர் போடக் கூடாது என்பது அவர் வைத்த நிபந்தனை. சில வாரங்கள் கேமராவைப் பையைவிட்டு வெளியே எடுக்கவே இல்லை. சும்மா போய் உட்காருவேன். ஒரு நாள் அவரே கேட்டார்: "இன்னா தம்பி, தெனம் வந்து குந்திக்கினு கீற. வூட்ல பூ வாங்க ஆளு இல்லியா?" அன்றிலிருந்து தினம் ஒரு முழம் வீட்டுக்கு வாங்கிப் போனேன். கேமராவை எடுத்த அன்று அவர் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, நிமிர்ந்து, ஸ்டுடியோவில் உட்காருவதுபோல உட்கார்ந்தார். எல்லோரும் அப்படித்தான் செய்வார்கள். செய்யவும் வேண்டும், படம் என்றால் மரியாதையாகத் தெரிய வேண்டும் என்று நினைப்பது நியாயம்தானே. அந்த முகத்தை முதலில் ஒழுங்காக எடுத்தேன். அதை ஒரு போட்டோவாக அச்சடித்துக் கொண்டுவந்து கொடுத்தேன். அதற்குப் பிறகுதான் "இனி கையைத்தான் எடுக்கப்போறேன்மா, முகத்தைப் பத்திக் கவலப்படாதீங்க" என்றேன். அவர் நிம்மதியாக வேலையைப் பார்க்க ஆரம்பித்தார்.

கோயம்பேட்டிலிருந்து விடியற்காலையில் வரும் மல்லி மொட்டாக இருக்கும். நனைத்த சாக்கில் பரப்பிவைப்பார். இடது கை விரல்களில் நூல். இரண்டு மொட்டு இந்தப் பக்கம், இரண்டு மொட்டு எதிர்ப்பக்கம், காம்பும் காம்பும் நடுவில் சேரும். வலது கை நூலை ஒரு சுற்றுச் சுற்றி, ஒரு சுருக்கு விழுந்து, இழுபடும். காம்பு நசுங்கக் கூடாது, நழுவவும் கூடாது. இதற்கு எவ்வளவு இழுக்க வேண்டும் என்று கேட்டால் அவரால் சொல்ல முடியாது, விரலுக்குத் தெரியும். கண் பூவில் இருக்காது, தெருவில் இருக்கும். சாமந்தி கேட்பவருக்கு விலை சொல்வார், பக்கத்துக் கடைப் பெண்ணை அதட்டுவார், கட்டு நீண்டுகொண்டே போகும். விற்கும்போது முழங்கையிலிருந்து விரல் நுனி வரை அளப்பார். "உங்க கை குட்டைம்மா, நல்லா அளந்து போடுங்க" என்று வாங்குகிறவர்கள் சொல்வதும், "இந்தக் கைக்கு இதான்மா மொழம்" என்று அவர் சொல்வதும், கடைசியில் ஒரு சாண் கூடுதலாக விட்டு வெட்டுவதும் தினசரி நடக்கும்.

முகூர்த்த நாளைத் தெரிந்துகொள்ள அவருக்குப் பஞ்சாங்கம் தேவையில்லை. மல்லி விலை போதும். ஆடி வெள்ளிக்கு ஏறும், ஆவணி முகூர்த்தத்துக்கு இன்னும் ஏறும். மார்கழியில் கல்யாணமே இல்லாவிட்டாலும் விலை உச்சிக்குப் போகும். பனியில் பூப்பு குறைந்துவிடும் என்பதால். அந்த மாதம் அவர் முல்லை, மல்லியைக் குறைத்துக்கொண்டு கதம்பத்தைக் கூட்டுவார். இரவு எட்டரைக்கு மேல் வருபவருக்கு விலை இறங்கும், ஒன்பதரைக்கு மேல் இன்னும் இறங்கும். கடைசி மிச்சம் விற்பனைக்கு இல்லை. அது பக்கத்துப் பிள்ளையாருக்கு. ஒரு வருஷம் முழுக்க அந்தக் கையை எடுத்தால் மயிலாப்பூரின் வருஷமே அதற்குள் வந்துவிடுகிறது. கோயில் கோபுரத்தை ஒரு தடவைகூட நான் காட்டவில்லை.

இங்கே தொழில் சம்பந்தமான இரண்டு விஷயங்களைச் சொல்லிவிடுகிறேன், புதிதாக வருகிறவர்களுக்கு உதவும். முதலாவது வெளிச்சம். நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். டியூப் லைட்டும் மலிவான எல்.இ.டி. பல்புகளும் வினாடிக்கு 100 தடவை மினுக்கும். கண்ணுக்குத் தெரியாது; கேமராவுக்குத் தெரியும். ஷட்டரை வினாடியில் ஐம்பதில் ஒரு பங்கிலோ நூறில் ஒரு பங்கிலோ வைத்தால் படம் அமைதியாக இருக்கும். அமெரிக்கக் கணக்கில் அறுபதில் ஒரு பங்கு என்று வைத்த கேமராவோடு மாட வீதிக் கடைகளுக்குள் போனால் திரை முழுக்கப் பட்டை பட்டையாக ஓடும். கடைக்காரரின் விளக்கை மாற்றச் சொல்லாதீர்கள். அந்த வெளிச்சத்தில்தான் அவர் வாழ்கிறார், கேமராவை மாற்றிக்கொள்ளுங்கள்.

இரண்டாவது, இன்னும் முக்கியமானது, சத்தம். திரைப்படப் பள்ளியில் சொல்லிக்கொடுப்பார்கள்: பேட்டி எடுக்கும்போது மின்விசிறியை அணை, ஃபிரிட்ஜை அணை. மே மாதத்தில் மந்தைவெளியில் ஒரு பழைய வீட்டுக் கூடத்தில் எண்பது வயதுப் பாட்டியை உட்காரவைத்து விசிறியை அணைத்தால் பாட்டி பேச மாட்டார். சீக்கிரம் முடித்துக்கொண்டு உள்ளே போகத்தான் நினைப்பார். விசிறி சுற்றட்டும். மைக்கைப் புடவை மடிப்புக்குள், வாய்க்கு ஒரு சாண் கீழே வைத்தால் குரல் முன்னால் வரும், விசிறி பின்னால் போகும். பேச்சு முடிந்ததும் எல்லோரையும் ஒரு நிமிடம் பேசாமல் உட்காரச் சொல்லி, அந்த அறையின் வெறும் சத்தத்தைத் தனியாகப் பதிவுசெய்ய வேண்டும். எடிட்டிங்கில் ஒரு வாக்கியத்தை வெட்டினால் அந்த இடத்தில் செவிடு விழுந்ததுபோல் ஒரு பள்ளம் வரும். அதை நிரப்ப இதுதான் உதவும். விசிறிச் சத்தமும் குக்கர் விசிலும் தூரத்துக் காக்கையும் சேர்ந்ததுதான் சென்னை வீடு. அவற்றைச் சுத்தமாகத் துடைத்த பேட்டி எந்த ஊரில் எடுத்தது என்றே தெரியாது.

சத்தம்தான் முதலில் அழிகிறது. "கோலமாவே…" என்று தெருமுனையிலிருந்தே இழுத்துக்கொண்டு வருகிற குரலை, கீரைக்காரம்மாவின் குரலை, பழைய பேப்பர்காரர் குரலை நான் பல வருஷம் முன்பே சேகரிக்க ஆரம்பித்தேன். ஒவ்வொருவருக்கும் ஒரு ராகம், நீட்டுகிற இடம், மூச்சு விடுகிற இடம். வீட்டுக்குள் இருப்பவர் குரலை வைத்தே ஆளைச் சொல்லிவிடுவார்கள். இப்போது வண்டியில் ஒலிபெருக்கி. யாரோ ஒருவர் பதிவுசெய்து கொடுத்த ஒரே குரல் அடையாறிலும் ஒலிக்கிறது, அசோக் நகரிலும் ஒலிக்கிறது. விற்பவரின் தொண்டைக்கு அது ஓய்வு, அதைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் பழைய குரல்கள் எங்கேயாவது இருக்க வேண்டும். 1906இல் ஹங்கேரியில் பேலா பார்டோக், ஸோல்டான் கோடாய் என்ற இரண்டு இளம் இசைக்கலைஞர்கள் இதையேதான் நினைத்தார்கள். எடிசனின் ஃபோனோகிராஃபைச் சுமந்துகொண்டு கிராமம் கிராமமாகப் போய், உழவர்களும் கிழவிகளும் பாடியதை மெழுகு உருளைகளில் பிடித்தார்கள். புடாபெஸ்ட் நகரத்தார் அதுவரை ஹங்கேரிய இசை என்று நம்பிக்கொண்டிருந்தது வேறு. பார்டோக்கைக் கர்னாடக இசை கேட்டு வளர்ந்த மயிலாப்பூர்க்காரனான நான் அறிந்தது அவர் இயற்றிய இசையால் அல்ல, அந்த உருளைகளால்.

ஹங்கேரியிலிருந்தே இன்னொரு பாடமும் கிடைத்தது. யூதித் எலெக் என்ற பெண் இயக்குநர் 1970களில் இஷ்டென்மெஸேயே என்கிற சுரங்கத் தொழிலாளர் கிராமத்தில் தங்கி, பள்ளி முடிக்கிற வயதிலுள்ள இரண்டு பெண்களின் வாழ்க்கையைத் தொடர்ந்து எடுத்தார். பெரிய சம்பவம் ஒன்றும் இல்லை. வீடு, அம்மா, கல்யாணப் பேச்சு, வேலை. ஆனால் பார்த்து முடிக்கும்போது அந்தப் பெண்கள் நம் தெருப் பெண்களாகிவிடுகிறார்கள். மால் ஏழு பகுதிகளில் ஒரு நாட்டைச் சுற்றினார். எலெக் ஒரே கிராமத்தில் இருந்தார். நான் எலெக் கட்சி.

தி.நகரைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். 1920களில் மாம்பலம் ஏரியைத் தூர்த்து உண்டாக்கிய இடம் அது, பிட்டி தியாகராயர் பெயரில். ரங்கநாதன் தெருவைத் தீபாவளிக்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை எடுக்காத செய்திச் சேனல் இல்லை. நான் அங்கே போவது கடை திறக்கும் முன்பும் மூடிய பின்பும். காலையில் ஒரே நிறச் சட்டையில் விடுதிகளிலிருந்து வரிசையாக நடந்து வரும் பிள்ளைகள். திருநெல்வேலி, தூத்துக்குடி, ராமநாதபுரத்துப் பேச்சுதான் முன்பு கேட்கும். இப்போது ஒடியாவும் இந்தியும் சேர்ந்து கேட்கிறது. பல கடைகளில் உள்ளே விடவில்லை. அனுமதித்த ஒரு சிறிய துணிக்கடையில், இரவு பத்து மணிக்கு மேல், அன்றைக்குப் பிரித்துக் காட்டிய புடவைகளை மடிக்கிற வேலையை எடுத்தேன். இரண்டு பெண்கள் எதிரெதிரே நின்று ஆளுக்கு ஒரு முனையைப் பிடித்து உதறுவார்கள். நடுவில் சந்திப்பார்கள், விலகுவார்கள், மறுபடி சந்திப்பார்கள். நான்காவது சந்திப்பில் புடவை பெட்டிக்குள் போகிற அளவுக்கு வந்துவிடும். பேச்சே கிடையாது, பகலெல்லாம் பேசிய அலுப்பு. ஒருத்தி மட்டும் நின்றபடியே ஒரு காலால் மற்றக் காலைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். அந்தக் காலை நெருக்கத்தில் எடுத்தேன். கடை ஊழியர்களுக்கு உட்கார இருக்கை கொடுத்தே ஆக வேண்டும் என்று தமிழ்நாட்டில் சட்டத் திருத்தம் வந்தது 2021இல். அதற்கு முன்னாலேயே, 2010இல், வசந்தபாலன் 'அங்காடித் தெரு' எடுத்து இந்தத் தெருவின் வலியைக் கதையாகச் சொல்லியிருந்தார். கதைப்படம் செய்வதை ஆவணப்படத்தால் செய்ய முடியாது. ஆனால் நாற்காலி வந்ததா, வந்தால் அதில் யார் எப்போது உட்காருகிறார்கள் என்று வருஷா வருஷம் போய்ப் பார்க்கிற வேலை ஆவணப்படத்துடையது. போய்ப் பார்க்கிறேன். நாற்காலி போட்ட கடைகள் உண்டு. அதில் பெரும்பாலும் துணிப்பை உட்கார்ந்திருக்கிறது.

அடையாற்றுக்குப் போனால் கேமராவை எங்கே வைப்பது என்பதே மாறிவிடும். ஊரூர் ஆல்காட் குப்பத்தில் கடலுக்குப் போய்வந்த ஒரு பெரியவரை எடுக்கப் போனேன். கடல் பின்னால் தெரிய அவரை உட்காரவைத்தால் படம் அழகாக இருக்கும். எல்லோரும் அப்படித்தான் எடுப்பார்கள். அவருக்குப் பேச்சு வரவில்லை. கொஞ்ச நேரம் தடுமாறிவிட்டு, "கடலப் பாக்காம எப்டி நைனா சொல்றது?" என்று எழுந்து திரும்பி உட்கார்ந்தார். அப்புறம் நிற்காமல் வந்தது. தண்ணீரின் நிறத்தைப் பார்த்து, அலை உடைகிற இடத்தைப் பார்த்து, காற்றைக் கன்னத்தில் வாங்கி, இன்றைக்கு நீரோட்டம் வண்ணி வெள்ளமா தெண்டி வெள்ளமா, வலை எந்தப் பக்கம் இழுபடும், எந்த மீன் வரும், முகத்துவாரம் எப்போது மண் மூடும் என்று வரிசையாகச் சொன்னார். நான் அலைக்குள் முழங்கால் வரை நின்று கரையைப் பார்த்து எடுத்தேன். படத்தில் அவருக்குப் பின்னால் கடல் இல்லை. பெசன்ட் நகர் அடுக்குமாடிகள் இருந்தன. அவர் எதைப் பார்த்து வாழ்கிறார், எது அவர் முதுகில் இருக்கிறது என்பதை நான் ஒரு வார்த்தை சொல்லாமல் அந்த ஃபிரேம் சொல்லிவிட்டது.

அந்தப் படத்தை முதலில் காட்டியது குப்பத்தில்தான். கோயில் முன்னால் வேட்டித் திரை கட்டி, இரவு சாப்பாட்டுக்குப் பிறகு. என் படங்கள் எல்லாவற்றுக்கும் இந்த விதியை வைத்திருக்கிறேன்: யாரை எடுத்தேனோ அவர்கள் பார்த்த பிறகுதான் விழாவுக்கோ அரங்குக்கோ போக வேண்டும். படம் முடிந்ததும் பெண்கள் சுற்றிக்கொண்டார்கள். "மீன் புடிச்சதோட படம் முடிஞ்சிருமா? அத்த வித்தது யாரு?" என்று ஓர் அம்மா கேட்டார். மறு வாரமே அவர் கூடையோடு நானும் கிளம்பினேன். ஐஸ் எங்கே வாங்குவது, எந்தத் தெருவில் எந்த நாள் மீன் சாப்பிட மாட்டார்கள், கடன் சொன்னவர் வீட்டுக் கதவை எத்தனை மணிக்குத் தட்டினால் ஆள் இருப்பார் என்பதெல்லாம் அவர் மனப்பாடம். அடுத்த படம் அதிலிருந்து பிறந்தது.

எடுப்பது பாதி வேலை. மீதிப் பாதி வைத்திருப்பது. தமிழில் ஆவணப்படத்துக்கு முன்னோடி ஏ.கே. செட்டியார். கோட்டையூரில் பிறந்தவர், டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக்கலை படித்தவர். 1937 அக்டோபர் 2ஆம் தேதி, அமெரிக்காவிலிருந்து கப்பலில் போகும்போது, காந்தியைப் பற்றிப் படம் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு வந்தது. நாடு நாடாக அலைந்து, பலர் எடுத்து வைத்திருந்த காட்சிகளைத் தேடிச் சேர்த்தார். சுமார் 50,000 அடி சேர்ந்தது. 12,000 அடியாகச் சுருக்கி 1940 ஆகஸ்டில் தமிழ் விளக்கத்தோடு வெளியிட்டார். இவ்வளவு பாடுபட்டு உருவாக்கிய அந்தப் படமே பிற்பாடு கைக்கு எட்டாமல் போயிற்று. பல பத்தாண்டுகளுக்குப் பிறகு ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதியின் தேடலில் அமெரிக்காவில் கிடைத்தது, பின்னாளில் அங்கே சுருக்கித் தயாரித்த ஆங்கிலப் பதிப்பு. காந்தி படத்துக்கே இந்த நிலை என்றால் பூக்காரம்மா படத்துக்கு யார் இருக்கிறார்கள்? சென்னையில் எடுத்த முதல் மௌனக் கதைப்படம் நடராஜ முதலியாரின் 'கீசக வதம்'. அதன் ஒரு அடிகூட இன்று இல்லை.

சென்னைக் காற்றில் உப்பும் ஈரமும் இருக்கிறது. மினி டிஜிட்டல் வீடியோ கேசட்டில் பூஞ்சை பிடிக்கும். ஹார்ட் டிஸ்க் சொல்லாமல் கொள்ளாமல் நின்றுவிடும். 2015 டிசம்பர் வெள்ளத்தில் அடையாற்றுக் கரைப்பக்கம் தரைத்தளத்தில் இருந்த ஒரு நண்பரின் வீட்டில் அவர் வாழ்நாள் முழுதும் எடுத்த கேசட்டுகள் சேற்றில் ஊறிப்போயின. கழுவிக் காயவைத்துப் பார்த்தோம், தேறியவை சில. கோட்டையூரைச் சேர்ந்த இன்னொருவர், ரோஜா முத்தையா, வாழ்நாளெல்லாம் சேர்த்த புத்தகங்களும் இதழ்களும் துண்டறிக்கைகளும் இன்று தரமணியில் ஓர் ஆராய்ச்சி நூலகமாக நிற்கின்றன. அச்சுக்கு அப்படி ஓர் இடம் கிடைத்ததுபோல, சாதாரண மனிதர்களின் அசையும் படங்களுக்கும் குரல்களுக்கும் சென்னையில் ஓர் இடம் வேண்டும். மாநகராட்சி செய்யலாம், பல்கலைக்கழகம் செய்யலாம், ஒரு சபா மனம் வைத்தாலும் செய்யலாம். குளிரூட்டிய ஓர் அறையும் ஒழுங்காகப் பட்டியல் போடத் தெரிந்த இரண்டு பேரும் இருந்தால் ஆரம்பித்துவிடலாம்.

காத்திருக்க நேரம் இல்லை. மெட்ரோ இரண்டாம் கட்ட வேலைக்காக லஸ் முனையிலும் கச்சேரி சாலையிலும் தடுப்பு அடைத்த நாளிலிருந்து, நான் வருஷக்கணக்கில் எடுத்துவந்த சில நடைபாதைக் கடைகள் இடம் மாறிவிட்டன. சில இல்லவே இல்லை. மெட்ரோ வேண்டாம் என்று சொல்லவில்லை. வரட்டும், எல்லோருக்கும் நல்லது. வருவதற்கு முன்னால் அங்கே என்ன இருந்தது, யார் எந்த நேரத்தில் எங்கே உட்கார்ந்து என்ன விற்றார்கள் என்பது பதிவில் இருக்க வேண்டும்.

அதற்கு என்னைப் போன்ற சிலர் போதாது. படிக்கிற உங்கள் கையிலும் கேமரா இருக்கிறது. அம்மா வடகம் பிழியும்போது, அப்பா ரேஷன் கடை வரிசையில் நின்று பேசிக்கொண்டிருக்கும்போது, தெருமுனை இஸ்திரிக்காரர் பெட்டியில் கரி போடும்போது, அவர்களிடம் கேட்டுக்கொண்டு எடுங்கள். போனைப் படுக்கவாட்டில் பிடியுங்கள். பின்னணிப் பாட்டுச் சேர்க்காதீர்கள். பத்து வினாடியில் நிறுத்தாதீர்கள், வேலை முடிகிறவரை ஓடட்டும். முடிந்ததும் யார், எந்தத் தெரு, என்ன தேதி என்று உங்கள் குரலிலேயே சொல்லிப் பதிவுசெய்யுங்கள். இரண்டு இடங்களில் நகல் வையுங்கள், அதில் ஒன்று வேறு வீட்டில் இருக்கட்டும். அடுத்த ஞாயிற்றுக்கிழமையே ஆரம்பிக்கலாம்.